தோற்றவர் எங்கே நிற்பார்

பேப்பர் கைக்கு வந்ததும் ரிபாயி நேராக வெளிநாட்டுச் செய்திக்குப் போய்விடுகிறார். உள்ளூர்த் தகராறு, தங்கம் விலை, சினிமா எல்லாம் அப்புறம்தான். ஆட்டோவின் பின்சீட்டில் ஒரு காலை மடக்கிப் போட்டு, கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிக்கொண்டு, வாயில் நுழையாத பெயருள்ள ஏதோ ஒரு தேசத்தில் தேர்தல் முடிந்த சேதியை நிறுத்தி நிறுத்திப் படிக்கிறார். ஜெயித்தது யார் என்பதில் அவருக்கு அவ்வளவு அக்கறை கிடையாது.

"தோத்தவன் சரின்னு சொல்லிட்டானாவே? அதப் பாரு மொதல்ல" என்கிறார் பக்கத்து ஆட்டோக்காரரிடம். "சொல்லலேன்னா அங்கன லைன் ஒடஞ்சிட்டுன்னு வச்சிக்கோ."

சங்கரன்கோவில் பேருந்து நிலையத்து வாசலில் ஆட்டோ ஓட்டுகிறவர் ரிபாயி. ஐம்பது தாண்டிய வயது, ஒல்லியான உடம்பு, தாடியில் பாதி நரை. ஹார்ன் அடிப்பது அவருக்குப் பிடிக்காது. சந்தைக் கூட்டத்துக்குள் போனாலும் தலையை வெளியே நீட்டி, "மக்கா, கொஞ்சம் ஒதுங்கு மக்கா" என்று வாயாலேயே வழி கேட்டுக்கொண்டு போவார். கோவில் வாசலில் இறங்குகிறவர்களிடம் "நல்லா கும்பிட்டுட்டு வாங்க, நான் இங்கனயே நிக்கேன்" என்பார். வீட்டில் மனைவி ஹாலிதா ஜாக்கெட் தைக்கிறாள். கணவரின் உலக ஞானத்தைப் பற்றி அவளுக்குப் பெரிய அபிப்பிராயம் இல்லை. "ஊர்ல ஒள்ள ராசாங்கத்துக்கெல்லாம் இவுக ஆட்டோவுலதான் பெட்ரோல் ஊத்துதாக" என்பாள், நூலைப் பல்லால் கடித்தபடி.

லைன் என்று ரிபாயி சொல்வது ஸ்டாண்டின் வரிசையை. முதலில் நிற்கும் ஆட்டோவுக்கு முதல் சவாரி. அது போனதும் மற்றவை ஒவ்வொன்றாக முன்னே நகரும். திரும்பி வருகிறவர் கடைசியில் சேர்ந்துகொள்ள வேண்டும். வரிசையைப் பார்த்துக்கொள்ள ஒரு தலைவர். ஆண்டுதோறும் ஆயுதபூசைக்கு மறுநாள் எல்லோரும் கூடிக் கை தூக்கித் தேர்ந்தெடுப்பார்கள். அப்படித் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களில் வேல்ராஜைப் போல வேலை செய்தவர் யாருமில்லை. வெயிலில் வெந்துகொண்டிருந்த ஸ்டாண்டுக்குக் கூரை போடவைத்தார். பிரசவத்துக்குப் போகிற பெண்ணிடம் கட்டணம் வாங்கக்கூடாது என்றார். நெஞ்சை நிமிர்த்தி அவர் நடந்து வந்தால் போலீஸ்காரர்கூட ஒரு வார்த்தை மரியாதையாகப் பேசுவார்.

அதனால்தான், "இந்த வருசம் எலெக்சன் எதுக்கு? வேலை பாதியில கெடக்கு" என்று வேல்ராஜ் சொன்னபோது எல்லோரும் கைதட்டினார்கள். அடுத்த வருடமும் வேலை பாதியில்தான் கிடந்தது. மாரிராஜ் என்ற ஓட்டுநர் மட்டும் எழுந்து, "வேலை முடியுத அன்னைக்குத்தான் ஓட்டுன்னா, முடியுமா அண்ணாச்சி?" என்று கேட்டுவிட்டார். மறுநாளிலிருந்து மாரிராஜின் ஆட்டோ வரிசையின் கடைசியிலேயே நிறுத்தப்பட்டது. முன்னே நகர விடவில்லை. கொஞ்ச நாளில் ஸ்டாண்டுக்குள்ளேயே வரக்கூடாது என்றாகிவிட்டது. அவர் ஆட்டோவை விற்றுவிட்டுப் புளியங்குடி எலுமிச்சைச் சந்தைக்கு மூட்டை தூக்கப் போனார்.

யாரும் ஏன் என்று கேட்கவில்லை. ரிபாயி அதைச் சொல்லும்போது குரலைத் தாழ்த்திக்கொள்கிறார். "ஒரு வண்டி கொறஞ்சா நம்ம வண்டி ஒரு எடம் முன்னால வரும்லா. அதுலதான் எல்லாரும் வாய மூடிட்டு இருந்தோம்."

மாரிராஜுக்குப் பிறகு இன்னும் இரண்டு பேர் போனார்கள். அப்புறம் தங்கள் முறையும் வரும் என்று மற்றவர்களுக்குப் பயம் பிடித்தது. வற்புறுத்தித் தேர்தல் வைத்தார்கள். எதிர்த்து நிற்க ஆள் இல்லாமல், யாரோடும் சண்டை போடாதவர் என்று ரிபாயியைப் பிடித்து நிறுத்தினார்கள். ரிபாயி ஜெயித்துவிட்டார். வேல்ராஜ் முகம் வெளுத்து நின்றார். பிறகு, "வாசுதேவநல்லூர், புளியங்குடின்னு வெளிய இருந்து வந்தவன் ஓட்டெல்லாம் எப்படிச் செல்லும்? இது நம்ம ஊர் ஸ்டாண்டு" என்றார். அதுவரை ஒரே டீயை இரண்டாகப் பிரித்துக் குடித்தவர்கள் அன்று சாயந்திரமே ஒருவரையொருவர் எந்த ஊர், எந்தத் தெரு என்று பார்க்கத் தொடங்கினார்கள். பாதிப்பேர் வேல்ராஜோடு பேருந்து நிலையத்தின் இன்னொரு வாசலுக்குப் போய்த் தனி ஸ்டாண்டு போட்டார்கள்.

வரிசை என்பதே இல்லாமல் போயிற்று. பேருந்து நிற்பதற்குள் இரு தரப்பும் ஓடும், இறங்குகிறவர்களின் பையைப் பிடித்து இழுக்கும். ஜெயித்த ரிபாயிக்குச் சோறு இறங்கவில்லை. "ஜெயிச்சவரு மூஞ்சியா இது?" என்று ஹாலிதா கேட்டாள். "எதுல ஜெயிச்சேன்? பாதி ஸ்டாண்டக் காணோமே" என்றார்.

ஒரு நாள் காலை, கண் ஆபரேஷன் செய்து பச்சைத்துணி கட்டியிருந்த சங்கரம்மாள் என்ற அம்மாள் தென்காசி பஸ்ஸிலிருந்து இறங்கினார். ஒரு தரப்பு அவர் பையைப் பிடித்தது, மறுதரப்பு கையைப் பிடித்தது. அவர் நிலைதடுமாறிப் படியில் விழுந்தார். மணிக்கட்டு முறிந்தது. "ஐயோ, எனக்குக் கண்ணு தெரியலையே, யாருய்யா இழுக்கிய?" என்று அவர் அழுதது இரண்டு வாசலுக்கும் கேட்டது. ரிபாயி அவரைத் தூக்கித் தன் ஆட்டோவில் படுக்கவைத்தார். தலையைத் தாங்கிக்கொள்ள ஒரு ஆள் ஏறி உட்கார்ந்தார். திரும்பிப் பார்த்தால் வேல்ராஜ்.

ஆஸ்பத்திரித் தாழ்வாரத்தில் இருவரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். உள்ளே மாவுக்கட்டுப் போட்டுக்கொண்டிருந்தார்கள். வேல்ராஜ் தரையைப் பார்த்தபடியே கேட்டார்.

"நான் திரும்பி வந்தா என் வண்டிய எங்க நிப்பாட்டுவிய?"

ரிபாயிக்குச் சட்டென்று விளங்கவில்லை.

"மாரிராஜ நான் கடைசியில போட்டேம்லா. அது மாதிரி என்னயவும் போட்டுருவியன்னுதான்..." வேல்ராஜால் முடிக்க முடியவில்லை. "எனக்கும் ரெண்டு பொம்பளப் பிள்ள இருக்குல்லா, ரிபாயி."

இந்த மனிதரிடம் இருந்தது திமிர் என்றே இத்தனை நாளும் நினைத்திருந்தார் ரிபாயி. "மத்தவுக மாதிரி நீரும் லைன்ல நில்லும். முறை வரும்போது போவும்" என்றார். "அதுக்கு நான் பொறுப்பு. ஆனா மாரிராஜ் வரணும். நீரு வந்து கூப்புடணும்."

வேல்ராஜ் ஒப்புக்கொள்ள ஒரு வாரம் பிடித்தது. மாரிராஜை ஒப்புக்கொள்ளவைக்க அதைவிட அதிகம். ரிபாயி புளியங்குடிச் சந்தைக்கு நடையாய் நடந்தார். எலுமிச்சை வாடைக்கு நடுவே மாரிராஜ் மூட்டையை இறக்காமலே பேசுவார். "நான் எத்தன நாளு வெளிய கெடந்தனோ அத்தன நாளு அவன் கெடக்கட்டும். அப்பொறம் வாரேன்."

"அவன் கெடந்தா அவன் ஆளுகளும் கெடப்பாக. மறுபடி ரெண்டு ஸ்டாண்டுதான்."

"அப்போ நான் கெடந்ததுக்கு என்னவே பதிலு?"

ரிபாயி மூட்டையின் மறுமுனையைப் பிடித்து லாரி வரை கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வந்தார்.

கடைசியில் வேல்ராஜே போனார். சந்தை நடுவில், எல்லோர் காதிலும் விழ, "நான் செஞ்சது தப்பு மாரிராஜ், வந்துருடே" என்றார். மாரிராஜ் அவரை ஏற இறங்கப் பார்த்தார். "மன்னிக்கவெல்லாம் மாட்டேன். லைன்ல நிப்பேன்" என்றார்.

அப்படித்தான் ஸ்டாண்டு மறுபடி ஒன்றாயிற்று. பாசம் பொங்கியெல்லாம் இல்லை. முதல் மாதங்களில் ஆளுக்கொரு மூலையில்தான் டீ குடித்தார்கள். ஆனால் சில விதிகளைப் பேசி முடித்தார்கள். ஒரு ஆள் சொல்லி எந்த வண்டியையும் வெளியே தள்ளக்கூடாது. வருடா வருடம் தேர்தல், வேலை கிடந்தாலும் கிடக்காவிட்டாலும். எந்த ஊர்க்காரர் என்றாலும் வரிசையில் நின்றால் ஓட்டு உண்டு. மாரிராஜ் வாடகைக்கு ஒரு ஆட்டோ எடுத்து ஓட்ட ஆரம்பித்தார். அவர் வண்டிக்குப் பின்னால் வேல்ராஜின் வண்டி நிற்க நேர்ந்தால் இருவரும் ஆளுக்கொரு திசையைப் பார்த்துக்கொள்வார்கள். வரிசை மட்டும் நகரும்.

இந்த ஆண்டுத் தேர்தலில் ரிபாயியை எதிர்த்து வேல்ராஜ் நின்றார். நிற்கக்கூடாது என்று சிலர் குதித்தார்கள். "விதியில எங்க இருக்கு? நிக்கட்டும்" என்றார் ரிபாயி. கைகளை எண்ணும் பொறுப்பை மாரிராஜிடம் கொடுத்தார்கள். வேல்ராஜுக்குச் சாதகமாக அவர் எண்ணமாட்டார் என்று ஒரு தரப்புக்கு நிம்மதி. பொய்யாகவும் எண்ணமாட்டார் என்று மறுதரப்புக்கு நம்பிக்கை.

மாரிராஜ் ஒருமுறை எண்ணினார். உதட்டைக் கடித்துக்கொண்டு இன்னொரு முறை எண்ணினார்.

"வேல்ராஜ்தான்" என்றார்.

ரிபாயியின் ஆட்கள் ஒரே நேரத்தில் கூச்சல் போட்டார்கள். திரும்ப எண்ணு என்றது ஒரு குரல். நாமும் தனி ஸ்டாண்டு போட்டுவிடலாம் என்றது இன்னொன்று. வேல்ராஜ் சந்தோஷப்படவும் தெரியாமல் நின்றுகொண்டிருந்தார். அந்த நேரம் பார்த்து ராஜபாளையம் பஸ் உள்ளே திரும்பியது. கைக்குழந்தையும் பெட்டியுமாக ஒரு பெண் இறங்கி ஸ்டாண்டை நோக்கி வந்தாள். வரிசையில் முதலில் நின்றது ரிபாயியின் வண்டி.

ரிபாயி கூட்டத்திலிருந்து வெளியே வந்து அவள் பெட்டியை வாங்கி உள்ளே வைத்தார். அவள் ஏறியதும் தன் சீட்டில் உட்கார்ந்து என்ஜினை ஓடவிட்டார். பிறகு தலையை வெளியே நீட்டி, கூச்சலுக்கு மேலே கேட்கும்படி, "தலைவரே, முறை என்னுது. போய்ட்டு வரட்டா?" என்றார். கூச்சல் அடங்கியது. வேல்ராஜ் தலையசைக்கும் வரை, என்ஜின் ஓடிக்கொண்டிருக்க, கியரைப் போடாமல் ரிபாயி அவர் முகத்தையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்.