அடுக்கில் கிடந்த நாட்கள்

என் முதல் புருஷன் இலங்கை மலைநாட்டில், றொசல்லைக்குப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் ஸ்டோரில் வேலை செய்தார். தேயிலைத் தொழிற்சாலையைத்தான் நாங்கள் ஸ்டோர் என்போம். பறித்த கொழுந்தை வாடப்போடும் மேல்மாடியில் அவருக்கு வேலை. கூரைவரைக்கும் சாக்குத்துணித் தட்டுகள் ஒன்றன்மேல் ஒன்றாக இருக்கும். காலத்தைப் பற்றி அவருக்கு ஓர் எண்ணம் அங்கேதான் வந்தது.

காலம் ஓடுவதே இல்லை என்பார். நேற்று, இன்று, நாளை எல்லாமே அந்தத் தட்டுகளைப்போல இப்போதே அடுக்கடுக்காகக் கிடக்கின்றன. நாம்தான் ஒரு தட்டிலிருந்து அடுத்த தட்டுக்கு இறங்கிக்கொண்டிருக்கிறோம். துணி நைந்த இடத்தில் நின்று பார்த்தால் கீழே கிடப்பது தெரியும். தனக்குத் தெரிகிறது என்றார்.

கல்யாணமான புதிதில் அதைக் கேட்பது எனக்குப் பிடித்திருந்தது. அவர் குடிக்கமாட்டார், கை ஓங்கமாட்டார். கொடுத்துவைத்தவள் என்று எங்கள் லயத்து வரிசை வீடுகளில் இருந்த பெண்கள் என்னைச் சொல்வார்கள். மழைக்காலத்தில் மேட்டு லயத்தின் பின்சுவர் விழும் என்றார், விழுந்தது. அது எத்தனையோ வருஷமாகச் சாய்ந்தே நின்ற சுவர். கங்காணியின் பசு காளைக்கன்று போடும் என்றார், அது கிடாரி போட்டது. சுவர் எல்லாருக்கும் ஞாபகம் இருந்தது. கிடாரியை ஒருவரும் பேசவில்லை.

நான் பிள்ளை உண்டாகியிருந்தபோது, சோற்றைப் பிசைந்துகொண்டே, “பொம்பளப் புள்ள. தங்காது” என்றார். மழை வரும் என்று சொல்வதுபோலச் சொன்னார். நான் சாப்பிடாமல் எழுந்துபோனேன். பெண்தான் பிறந்தது. அவர் சொன்னபடியே நடக்கிறது என்று சுவருக்கு அந்தப்பக்கம் இருந்த அடுத்த காம்பராக்காரி லயம் முழுக்கச் சொன்னாள். அவர் ஒரு நாளும் பிள்ளையைத் தூக்கவில்லை. இல்லாத ஒன்றைத் தூக்கி என்ன செய்ய என்றார். நான் மலைக்குக் கொழுந்தெடுக்கப் போகும்போது பிள்ளைக்காம்பராவில் விட்டுவிட்டுப் போவேன். அங்கே பார்த்துக்கொள்கிற கிழவிகூட அவளைத் தனியாக ஒரு மூலையில்தான் போட்டு வைத்திருந்தாள்.

அவள் குப்புற விழத் தொடங்கிய சமயத்தில் காய்ச்சல் வந்தது. மத்தியானம் அனலாகக் கொதித்தது. பால் இறங்கவில்லை. கம்பளியைச் சுற்றி டிஸ்பென்சரிக்குத் தூக்கிக்கொண்டு கிளம்பினேன். அவர் வாசற்படியில் கால் நீட்டி உட்கார்ந்திருந்தார். எழுந்திருக்கவில்லை.

“வழி விடுங்க” என்றேன்.

“எங்க போற? அது முடிஞ்சுபோச்சு புள்ள. நீ இன்னும் அந்தத் தட்டுக்கு எறங்கல, அவ்வளவுதான்.”

“மூச்சு இருக்குதுங்க.”

“இந்தத் தட்டுல இருக்கு.”

தாண்டிப்போக முயன்றேன். என் முழங்கையைப் பிடித்து, வலிக்காமல், பக்குவமாக என்னை உள்ளே திருப்பிவிட்டார். அலறிக் கூப்பிட்டதில் அடுத்த காம்பராக்காரி வந்தாள். அவர் முகத்தைப் பார்த்தாள். அவரு சொன்னா சரியாத்தான் இருக்கும், நீ மழையில அலைஞ்சு ஒடம்பக் கெடுத்துக்காத என்று எனக்குப் புத்தி சொல்லிவிட்டுப் போனாள். சாயங்காலம் அவர் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு வெளியே போனார். கதவை வெளியே பூட்டிவிட்டுப் போனார். ராத்திரி திரும்பி வந்துதான் திறந்தார்.

மறுநாள் காலையில் அவர் வேலைக்குப் போனதும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். டிஸ்பென்சர் ஐயா குழாயைப் பிள்ளையின் நெஞ்சில் வைத்துப் பார்த்தார். நேற்றே ஏன் கொண்டுவரவில்லை என்று திட்டினார். ஊசி போட்டார். என் மடியில்தான் போனாள்.

திரும்பி வந்தபோது செய்தி எனக்கு முன்னால் லயத்துக்கு வந்திருந்தது. ஆம்பிளைகள் நாலைந்து பேர் நின்றார்கள். புதைப்பதற்குக் குழி வெட்ட யாரும் போகவேண்டியதில்லை என்று ஒருவர் சொன்னார். தோட்டத்து மயானத்தில், சவுக்கு மரங்களுக்குக் கீழே, சின்னதாக ஒரு குழி தயாராக இருந்தது. ராத்திரி மழையில் பாதி தண்ணீர் நின்றது. அவர் ஒரு தகர டப்பாவால் இறைத்து ஊற்றினார். எத்தனை பொறுமையாக இறைத்தார் என்று இன்றைக்கும் நினைக்கிறேன். சுற்றி நின்றவர்கள் குழியைப் பார்த்தார்கள், அவரைப் பார்த்தார்கள். ஒரு வயசாளி அவரைக் கையெடுத்துக் கும்பிட்டார்.

காரியமெல்லாம் முடிந்தபின் ஒரு நாள், “நீயும் போயிருவ. ரயில்ல. பாத்துட்டேன்” என்றார்.

அதுவரை போகவேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. எங்கே போவது என்றும் தெரியாது. அவர் சொன்ன பிறகு, அவர் வார்த்தை பொய்த்துப் போகட்டும் என்பதற்காகவே இருந்தேன். காலையில் பேர் கொடுக்கப் பெரட்டுக்குப் போவேன், மலைக்குப் போவேன், வந்து அவருக்குச் சமைத்துப் போடுவேன். அவர் என்னுடன் பேசுவதை விட்டுவிட்டார். தட்டில் சோறு இருந்தால் சாப்பிட்டார். என் சேலைகளைத் தனியாக மடித்து ஒரு மூட்டையாகக் கட்டி வாசலோரம் வைத்திருந்தார். நான் அவிழ்ப்பேன், அவர் திரும்பக் கட்டுவார். மழைக்காலம் போய், பனி போய், அடுத்த மழையும் வந்தது. இருந்தாலும் போனாலும் அவர் சொல்லுக்குத்தான் நடந்துகொண்டிருக்கிறேன் என்று ஒரு நாள் விளங்கியது. அன்றைக்கு, அவர் கட்டிவைத்த மூட்டையையே எடுத்துக்கொண்டு றொசல்லையில் ரயில் ஏறினேன். தலவாக்கலையில் இறங்கி, பஸ் பிடித்துப் பூண்டுலோயாவில் என் அண்ணன் இருந்த தோட்டத்துக்குப் போனேன்.

அண்ணன் பேர் பதிந்து வேலை வாங்கிக் கொடுத்தார். சில வருஷம் கழித்து, அங்கேயே தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டுகிற ஒருவரைக் கட்டிக்கொண்டேன். இரண்டு பையன்கள்.

தோட்டத்து ஆட்களை இந்தியாவுக்கு அனுப்ப ஒப்பந்தம் போட்டு, போவதா, இங்கேயே இருப்பதா என்று மலைநாடு முழுக்கக் குழம்பிக்கிடந்த காலத்தில், றொசல்லைப் பக்கத்திலிருந்து ஒரு பெண் எங்கள் தோட்டத்துக்கு வாழ்க்கைப்பட்டு வந்தாள். என் பக்கத்து நிரையில் கொழுந்தெடுப்பாள். நான் யார் என்று அவளுக்குத் தெரியாது. அவர்கள் தோட்டத்தில் ஒரு சாமியார் இருக்கிறாராம். இந்தியா போகலாமா வேண்டாமா என்று கேட்க அக்கரப்பத்தனையிலிருந்தெல்லாம் ஆள் வருகிறதாம். ஸ்டோரில் வேலை செய்தவராம். சொந்தப் பிள்ளை சாகும் என்று முதல்நாளே குழி வெட்டிவைத்தவராம். பொண்டாட்டி ரயிலேறுவாள் என்றாராம், அவளும் அப்படியே போய்விட்டாளாம். வருகிறவர்களிடம் இந்த இரண்டையும் முதலில் சொல்லிவிட்டுத்தான் அவர் மற்றதைச் சொல்வாராம்.

“அந்தப் புள்ளைக்கு ஏன் மருந்து குடுக்கல?” என்று கேட்டேன்.

அவள் கொழுந்து கிள்ளுவதை நிறுத்தாமலே சொன்னாள். “எதுக்குங்கக்கா குடுக்கணும்? அதான் செத்துப்போகும்னு அவருக்குத் தெரியுமே.”