சாமத்தியவீட்டுக்கு வந்த ஸ்கேற்றர்

ஈர ரப்பர் பாயின் மணம், வினிகர் ஊற்றிய சிப்ஸின் மணம், மூக்கு நுனியை விறைக்க வைக்கும் குளிர்... ஸ்ட்ரெதம் ஐஸ் ரிங்க் என்றால் எனக்கு இன்றைக்கும் இந்த மூன்றும்தான்.

மிச்சம் என்ற ஊர்ப்பக்கம் இருந்த எங்கள் கடையைச் சனிக்கிழமை காலைகளில் மனைவியிடம் விட்டுவிட்டு, மகள் ஆரணியை அங்கே கூட்டிக்கொண்டு போவேன். அவளுக்குச் சறுக்கப் பழக்கியவள் மார்யா. எஸ்தோனியாவிலிருந்து வந்த பிள்ளை, இருபத்தாறு வயது. விடியற்காலையில் ஐஸில் இறங்கித் தன் பயிற்சியை முடித்துவிட்டு, பிறகு வயிற்றுப்பாட்டுக்காக எங்கள் பிள்ளைகளுக்குப் பழக்குவாள்.

ஆறு வயதிலிருந்து போட்டிகளில் சறுக்கியவள். தன் நாட்டுச் சம்பியன்ஷிப்பில் இரண்டு தரம் இரண்டாம் இடம். முதலாவதாக வந்தால்தான் ஐரோப்பியப் போட்டிக்குப் போகலாம். ஒரே ஒரு இடம்.

"இந்த வருஷமும் சரிவராவிட்டால் விட்டுவிடுவேன்" என்று ஒருநாள் லேஸை இறுக்கிக்கொண்டே சொன்னாள். நான் வடிவாகத்தான் காதில் வாங்கினேன். விளங்காமல் செய்துவிட்டேன் என்று இப்போது சொல்ல எனக்கு வாயில்லை.

அந்த வருஷம் ஆரணி பெரியபிள்ளையானாள். மஞ்சள் நீராட்டி, ஊரைக் கூப்பிட்டுச் சாமத்தியவீடு செய்ய வேண்டும். சட்டனில் இருக்கும் என் மச்சான், தன் மகளின் சாமத்தியவீட்டுக்கு அவளைக் குதிரை வண்டியில் கொண்டுவந்து இறக்கியிருந்தார். மாதக்கணக்காக எங்கள் சனத்துக்கு அந்தக் குதிரைக் கதைதான்.

"அவையள் குதிரையிலை வந்தால் நாங்கள் ஸ்கேற்றரோடை வருவம். மார்யா முன்னாலை சறுக்கிக்கொண்டு வரட்டும், பிள்ளை பின்னாலை நடந்து வரட்டும்" என்றேன் மனைவியிடம்.

"உங்களுக்கென்ன விசரே? அந்தப் பிள்ளைக்குப் போட்டி வருதெல்லோ!"

விசர்தான்...

மார்யாவைக் கேட்டேன். போட்டிக்கு மூன்று கிழமைதான் இருக்கிறது, ஏலாது என்று நல்ல மரியாதையாகச் சொன்னாள். அத்தோடு விட்டிருக்கலாம். நான் என்ன செய்தேன் தெரியுமா? ஆரணியை விட்டுக் கேட்பித்தேன். பிள்ளை கையைப் பிடித்துக் கெஞ்சினால் அவள் மறுக்கமாட்டாள் என்று எனக்குத் தெரியும். அவள் மறுக்கவில்லை.

விழாவுக்கு முதல்நாள் வந்து, மண்டபம் எடுத்திருந்த ஹோலின் தரையைக் கையால் தடவிப் பார்த்தாள். சக்கரம் வைத்த ஸ்கேற்றில்தான் வருவாள். ஒரேயொரு நிபந்தனை. தான் சறுக்கி முடித்து நிற்கும்வரைக்கும் தரையில் யாரும் எதுவும் போடக்கூடாது. மூன்று தரம் சொன்னாள். மூன்று தரமும் "நோ ப்ராப்ளம்" என்றேன்.

அடுத்த நாள்... வெள்ளையும் பொன்னுமாய் உடுத்து, கதவால் அவள் வந்த வரவை என்னவென்று சொல்ல! பின்பக்கமாகச் சறுக்கி, ஒரு சுழல் சுழன்று, இரண்டு கையையும் மேலே தூக்கினாள். ஹோலே வாயைப் பிளந்தது. மச்சானின் முகத்தைப் பார்த்தேன். எனக்குத் தலைகால் புரியவில்லை.

மைக்கைப் பிடித்துக் கத்தினேன்.

"என்ன பாத்துக்கொண்டு நிக்கிறியள்? பூவும் அறுகரிசியும் போட்டு வரவேற்குங்கோ!"

தட்டுகளோடு வரிசையில் நின்ற பெண்களெல்லாம் அள்ளிப் போட்டார்கள். அரிசி சக்கரத்துக்குக் கீழே போனது. கால் ஒரு பக்கம், அவள் ஒரு பக்கம்.

தானே எழும்பிச் சிரித்தாள். ஒருவர் தாங்கிக் கொண்டுபோய் குசினிக்குள் இருத்தினார். சோடா வைத்திருந்த வாளியிலிருந்து ஐஸை அள்ளிக் காலில் வைத்துக்கொண்டு இருந்தாளாம். நான் போய்ப் பார்க்கவில்லை. ஆரணி அழுதாள். "அப்பா, ப்ளீஸ், நான் ஒருக்கா பாத்திட்டு வாறன்" என்றாள். "மேக்கப் கரையுது, போட்டோவுக்கு நில்" என்று அதட்டினேன். படப்பிடிப்பெல்லாம் முடிந்த பிறகுதான் யாரோ காரில் ஏற்றி மார்யாவை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள்.

கணுக்கால் முறிவு. போட்டியிலிருந்து பெயரை எடுத்துவிட்டாள். ஊருக்குத் திரும்பிப் போனாள். எலும்பு பொருந்தியதாம், ஆனால் பாய்ந்து இறங்கும்போது அந்தக் கால் அவளைத் தாங்கவில்லை. அதோடு சரி.

நான் அவளுக்கென்று மனைவியிடம் கேக்கும் ரோல்ஸும் கொடுத்துவிட்டதோடு என் கடமையை முடித்துக்கொண்டேன். ஸ்ட்ரெதம் பக்கமே போகவில்லை. ஆரணியின் வகுப்பையும் நிறுத்திவிட்டேன். பிள்ளையும் ஏனென்று கேட்கவில்லை. அவளுக்குத் தெரியும்.

இப்போது ஆரணி யூனிவர்சிட்டிக்குப் போய்விட்டாள். போன கிழமை ஃபோனில் ஒரு மெசேஜ். மார்யா! தன் நாட்டில், தாலினில் சின்னப் பிள்ளைகளுக்குப் பழக்குகிறாளாம். தன் போட்டி வீடியோக்களையெல்லாம் ஒன்றாகச் சேர்க்கிறாளாம்.

"ஆட்களுக்கு முன்னால் நான் கடைசியாகச் சறுக்கியது உங்கள் ஹோலில்தான். அந்த வீடியோ இருந்தால் அனுப்புவீர்களா?"

தேடி எடுத்துப் போட்டுப் பார்த்தேன். சுழல்கிறாள், கையைத் தூக்குகிறாள்... அடுத்த நொடி ஆரணி மேடையில் நிற்கிறாள். அரிசியும் இல்லை, விழுந்ததும் இல்லை. அப்போதுதான் ஞாபகம் வந்தது. "அதை வெட்டும் தம்பி, மச்சான் ஆக்கள் பாத்துச் சிரிப்பினம்" என்று வீடியோக்காரரிடம் சொன்னதே நான்தான்.

அப்படியே அனுப்பினேன்.

ஒரு மணித்தியாலத்தில் பதில் வந்தது. "எவ்வளவு வடிவாக இருந்திருக்கிறேன்! விழுந்ததை எடுத்துவிட்டீர்களே... எனக்காக யோசித்திருக்கிறீர்கள். நன்றி."

நண்பர்களே, அன்றைக்கு அவ்வளவு சனத்துக்கு முன்னால் கத்த எனக்குக் கொஞ்சமும் வெட்கம் வரவில்லை. இன்றைக்குத் தனியே இருந்து ஒரு பெட்டைப்பிள்ளைக்கு இரண்டு வரி எழுதக் கை கூசுகிறது. 'உனக்காக இல்லை, என் மானத்துக்காகத்தான் வெட்டினேன், என்னை மன்னித்துக்கொள்' என்று நாலு நாளாக எழுதி எழுதி அழிக்கிறேன்.

அவளுக்கு எழுத ஏலாமல்தான் உங்களுக்கு எழுதுகிறேன்.