கோவளத்து எருக்கு வேலியில் வெட்டுக்கிளிகள்

செங்கல்பட்டு பேருந்து நிலையத்தில் காலை ஆறரை மணிக்கு மாமல்லபுரம் வண்டியில் ஏறினேன். 2003ஆம் ஆண்டு, விநாயகர் சதுர்த்திக்கு இரண்டு நாள் முன்பு. அலுவலகத்தில் விடுப்பு எதற்கு என்று கேட்டார்கள். வெட்டுக்கிளி பார்க்கப் போகிறேன் என்றேன். சிரித்தார்கள். சிரிக்கட்டும். புலி பார்க்க முதுமலைக்கும் நாரை பார்க்க வேடந்தாங்கலுக்கும் போகிறவனைப் பார்த்து எவனும் சிரிப்பதில்லை. வெட்டுக்கிளிக்கு மட்டும் என்ன குறைச்சல்? பள்ளிக்கூடத்தில் என் கால் நீளத்தைப் பார்த்து எனக்கு வைத்த பட்டப்பெயரே வெட்டுக்கிளிதான். கேலிக்கு வைத்தார்கள். நான் அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டு நாற்பது வயதைத் தாண்டிவிட்டேன்.

மாமல்லபுரத்துக்கு முப்பது கிலோமீட்டர், டிக்கெட் ஒன்பது ரூபாய். நடத்துநர் என் கழுத்தில் தொங்கிய கேமராவைப் பார்த்தார்.

“இன்னா சார், செலை பாக்கப் போறியா?”

“இல்லப்பா, வெட்டுக்கிளி.”

“அதுக்கா ஒம்போது ரூபா குடுத்த? எங்க வூட்டாண்ட வா சார், லைட்டு போட்டா அதான் கீது. பச்சையா ஒண்ணு உள்ள வந்துச்சின்னா எங்கம்மா அடிக்கவே வுடாது. வூட்டுக்கு நல்லது வரப் போவுதாம்.”

“வந்துச்சா?”

“எங்க சார்? மச்சான்தான் வந்தான். வந்தவன் இன்னும் போவல.”

முன் இருக்கைப் பெண்கள் வரை சிரித்தார்கள். இந்த முறை நானும் சிரித்தேன்.

திருக்கழுக்குன்றத்தில் வண்டி நின்றபோது எல்லாத் தலையும் மலைமேல் கழுகைத் தேடி நிமிர்ந்தன. நான் இறங்கிச் சாலையோரப் புல்லில் குனிந்தேன். காய்ந்த புல்லின் நிறத்தில் நாலைந்து வெட்டுக்கிளிகள் உட்கார்ந்திருந்தன. கால் பக்கத்தில் போகும்வரை புல்லா பூச்சியா என்று தெரியாது. நம் ஆட்கள் இதற்கு இரண்டு பெயர் வைத்தார்கள். தத்திப் போவதால் தத்துக்கிளி, பயிரை வெட்டுவதால் வெட்டுக்கிளி. அதன் மேல் குற்றம் சொல்லும் பெயர்தான் ஊரெல்லாம் நிலைத்தது. எனக்கு அதில் வருத்தம் உண்டு.

மாமல்லபுரத்தில் ஒரு வழிகாட்டி கையைப் பிடிக்காத குறையாக அழைத்தார். எல்லாச் சிற்பத்தையும் ஒரு மணி நேரத்தில் காட்டிவிடுவாராம். “கல்லு எங்கயும் போவாது தம்பி, இன்னொரு நாள் வரேன்” என்று சொல்லிவிட்டு கிழக்குக் கடற்கரைச் சாலை பேருந்தைப் பிடித்தேன். இருபது கிலோமீட்டர் போல வடக்கே போனால் கோவளம். மீன் வாடையும் உப்புக் காற்றும் நிறுத்தத்திலேயே வந்து வரவேற்றன.

என்னோடு வேலை செய்யும் அந்தோணியின் அக்கா ஸ்டெல்லாவின் வீடு அங்கே இருக்கிறது. கணவர் படகில் போகிறவர். ஸ்டெல்லா எருக்கம்பூ மாலை கட்டி விற்கிறார். வீட்டு மணலைச் சுற்றி அவரே வளர்த்த எருக்கு வேலி, ஆள் உயரத்துக்கு. அந்த வேலியில் வெட்டுக்கிளி அப்பிக் கிடக்கிறது என்று அந்தோணி சொன்னதைக் கேட்டுத்தான் இந்தப் பயணம்.

அவன் சொன்னது குறைவு. மஞ்சள் உடம்பில் மயில்கழுத்து நிறத்தில் பட்டைகள், பச்சை இறக்கையில் மஞ்சள் பொட்டுகள். யாரோ உட்கார்ந்து பெயின்ட் அடித்தது போல. குஞ்சுகள் வெளிர்ப் பச்சையில், சிவப்புப் புள்ளிகளோடு, இலைக்கு இலை இருந்தன. நான் கிட்டே போனேன். ஒன்றும் ஓடவில்லை. மாடு வாய் வைக்காத எருக்கிலையைத் தின்று, அதன் பாலில் உள்ள விஷத்தை உடம்பில் சேர்த்து வைத்திருக்கும் பூச்சி அது. ஒளிந்துகொள்ள வேண்டிய அவசியமே அதற்கு இல்லை. இத்தனை தைரியமாக உட்கார்ந்திருக்கும் ஒரு சின்ன உயிரை நான் அதற்குமுன் பார்த்ததில்லை. ஃபிலிம் சுருள் தீரும்வரை படம் எடுத்தேன்.

ஸ்டெல்லா மோர் கொண்டுவந்து கொடுத்தார். இவை பூவைத் தின்றுவிடாதா என்று கேட்டேன்.

“எல எவ்ளோ கீது பாரு சார், அத்த துன்னுட்டுப் போவட்டும். மொட்டு எனக்குப் போதும். நாளைக்கு விடியக்காலம் பறிச்சி, கட்டி, மத்தியானத்துக்குள்ள அனுப்பணும். வருசம் முச்சூடும் கட்டறேன். ஆனா இந்த ஒரு நாள் யாவாரந்தான் யாவாரம்.”

“மாதா கோயிலுக்குப் போறவங்க, பிள்ளையாருக்கு மாலை கட்டறீங்களே?”

“எங்க மாதாவுக்கு மல்லி கட்டறவரு பட்டை போட்டுகினுதான் கீறாரு. கணக்கு நேராப் பூடுச்சி.”

நெத்திலிக் குழம்போடு சாப்பாடு போட்டார். அது என்னால் மறக்க முடியாத குழம்பு.

மூன்று மணி வாக்கில் தகராறு வந்தது. ஸ்டெல்லா வீட்டுக்குக் கிழக்கே, கடலைப் பார்த்தபடி ஒரு சொகுசு விடுதி. நடுவில் இடுப்பு உயர மதில். அதிலிருந்த சின்னக் கதவைத் திறந்துகொண்டு விடுதி மேலாளர் வந்தார். வெள்ளைச் சட்டை, இடுப்பில் செல்போன். அவர் பின்னால் பூச்சிமருந்து மெஷினை முதுகில் மாட்டிய ஓர் ஆள். ஸ்டெல்லா அரிவாள்மணையில் உட்கார்ந்து மீன் அரிந்துகொண்டிருந்தார்.

“மேடம், எங்க லான் பூரா மஞ்சளாயிடுச்சு. எல்லாம் உங்க வேலியில இருந்து வர்ற பூச்சிதான். கெஸ்ட்டெல்லாம் பயப்படறாங்க. பத்து நிமிஷம், மருந்து அடிச்சிட்டுப் போயிடறோம்.”

“அடிக்கக் கூடாது,” என்றார் ஸ்டெல்லா. “உன் லானு உப்புத் தண்ணியில கருவுது. எங்க போர் தண்ணியே உப்பாப் பூடுச்சி, உன்னுது மட்டும் எளநீரா?”

“சரி, உங்க எடத்துக்கே வரல. மதிலுக்கு அந்தப் பக்கம் நின்னு அடிக்கிறோம். அதை நீங்க கேக்க முடியாது.”

“காத்து எங்கேருந்து அடிக்குதுன்னு பாரு நைனா. அங்க அடிச்சாலும் என் பூ மேலதான் வுழும். நாளைக்கு நான் பறிக்கணும்.”

நான் விருந்தாளி. வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். முடியவில்லை. “இந்தப் பூச்சிக்கு எருக்குதான் சார் சாப்பாடு, உங்க புல் இல்லை” என்றேன்.

“நீங்க யாரு?”

“வெட்டுக்கிளி பார்க்க வந்தவன்.”

என்னை ஏற இறங்கப் பார்த்தார். மதிலுக்கு அந்தப் பக்கம் இரண்டு விருந்தினர்கள் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்குக் குற்றவாளியைக் காட்டுவதற்காக, மேலாளர் ஒரு குஞ்சை இரண்டு விரலால் பிடித்துத் தூக்கினார். அது முதுகிலிருந்து விஷநீரைப் பீச்சியடித்தது. சட்டைப் பையிலிருந்து காலர் வரை ஒரு கோடு. மதிலுக்கு அப்பால் சிரிப்பு அடங்கவில்லை.

அத்தோடு அவருடைய தேன் பேச்சு முடிந்தது. “அடிப்பா!” என்று கத்தினார்.

ஸ்டெல்லா எழுந்தார். கையில் மீன் செதிலோடு நடந்துபோய் வேலிக்குள் நின்றுகொண்டார். நானும் போய்ப் பக்கத்தில் நின்றேன். வீரத்தால் என்று சொல்ல மாட்டேன். மருந்து நாற்றம் அப்போதே மூக்கில் ஏறியது, பயமாகவும் இருந்தது. ஆனால் விலகுவதற்கு அதைவிட வெட்கமாக இருந்தது.

“அடி. எங்க ரெண்டு பேர் மேலயும் சேத்து அடி.”

மெஷின்காரர் பிடியிலிருந்து கையை எடுத்துவிட்டார். “மனுசங்க மேல எப்பிடி சார் அடிக்கிறது? என்னால ஆவாது.”

ஸ்டெல்லா மேலாளரை விடவில்லை. “உங்க கேட்டாண்ட கீற புள்ளையாருக்கு நாளான்னிக்கு மாலை எங்கேருந்து வரும்?”

“கடையில வாங்குவோம்.”

“கடைக்கு யாரு குடுக்கறா? இந்தக் கோவளத்துல எருக்கு கட்டறவ நான் ஒருத்திதான். மருந்து நாத்தத்தோட அவரு கழுத்துல போடப் போறியா? போடு. உங்க மொதலாளியக் கூப்ட்டு, அவரு முன்னாடி போடு.”

மேலாளர் சட்டையைத் துடைத்துக்கொண்டே நின்றார். பார்த்துக்கொள்கிறேன் என்கிற மாதிரி ஏதோ முணுமுணுத்துவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு போனார். அவர் திரும்பி வரமாட்டார் என்று எனக்கு உறுதியாகத் தோன்றவில்லை. ஸ்டெல்லாவுக்கும் தோன்றவில்லை. மிச்ச மீனை வேலியோரமாகவே உட்கார்ந்து அரிந்தார்.

எங்கள் செங்கல்பட்டில் ஒரு மனையை வாங்கினால் முதல் வேலை எருக்கைப் பிடுங்கி எறிவது. சதுர்த்தி காலையில் அதே எருக்கு மாலைக்குத் தள்ளுவண்டியைச் சுற்றி நின்று பேரம் பேசுவது. அது எந்தச் செடியில் பூத்தது, அந்தச் செடிக்காக யார் யாரோடு சண்டை போட்டார்கள் என்று ஒரு வருஷமும் நாங்கள் கேட்டதில்லை. அதை நினைக்க நினைக்க எனக்குக் கோபம் வந்தது.

ஆறு மணிக்குப் பையை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். ஸ்டெல்லா வழியனுப்ப வேலி வரை வந்தார். அப்போது மதில் கதவு மறுபடி திறந்தது. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. வந்தது விடுதி வாட்ச்மேன், வெறுங்கையோடு.

“யக்கா, மேனேஜர் கேக்கச் சொன்னாரு. கேட்டாண்ட கீற புள்ளையாருக்கு மாலை ரெண்டு வேணுமாம். பெருசா.”

ஸ்டெல்லா யோசிக்கக்கூட இல்லை.

“காலையில பறிச்சித்தான் கட்டுவேன். செடி நின்னாதான் மாலை. போய்ச் சொல்லு.”

வாட்ச்மேன் அதைச் சொல்லப் போனார்.