சங்கிலிக்கு அந்தப் பக்கம்

போலீஸ் பாதுகாப்பு என்றால் துப்பாக்கியோடு ஒரு போலீஸ்காரர் எங்கள் வீட்டோடு வந்து தங்குவார் என்று நம்பியிருந்தேன். காலையில் என்னைப் பள்ளிக்கூடத்தில் கொண்டுபோய் விடுவார். கணக்கு வாத்தியார் பிரம்பை எடுத்தால் ஒரு முறை முறைப்பார். அப்பா ஸ்டேஷனில் மனு கொடுத்த மறுநாளே ஐந்தாம் வகுப்பு முழுக்க இதைச் சொல்லி, துப்பாக்கியைத் தொட்டுப் பார்க்க மூன்று பேருக்கு அனுமதியும் கொடுத்துவிட்டேன்.

மனு எதற்கு என்பது மட்டும் எனக்குச் சரியாகப் புரியவில்லை.

தூத்துக்குடிக்குத் தெற்கே எங்களுக்குக் கொஞ்சம் உப்புப் பாத்தி இருந்தது. பங்கு வைத்தபோது ரோட்டோரப் பாத்திகள் பெரியப்பாவுக்கு, கடலோரப் பாத்திகள் அப்பாவுக்கு. பெரியப்பா இடத்தின் வழியாகத்தான் எங்கள் உப்பு ரோட்டுக்கு வந்தாக வேண்டும். அந்த வழியைப் பத்திரத்தில் எழுதட்டுமா என்று எழுத்தர் கேட்டாராம். “கூடப் பிறந்தவன்கிட்ட நடக்கதுக்கு எழுத்து வாங்கவா? ஊரு சிரிக்கும்” என்றாராம் அப்பா. ஊர் பிறகுதான் சிரித்தது.

அந்த வருஷம் எங்கள் பாத்திகளையும் தனக்கே விற்றுவிடச் சொன்னார் பெரியப்பா. அப்பா முடியாது என்றார். மறுவாரம் வழியில் இரண்டு கல்தூண், குறுக்கே இரும்புச் சங்கிலி, பக்கத்தில் ஒரு போர்டு: ‘இது தனியார் இடம். அத்துமீறி நுழைவோர் போலீசில் ஒப்படைக்கப்படுவர்.’ உள்ளே எங்கள் அம்பாரம், கோடை முழுக்க வாரிக் குவித்த உப்பு, வானம் பார்த்துக் கிடந்தது. அள்ளிப்போக லாரி வரமுடியாது; மூடிவைக்க ஓலை வண்டியும் வரமுடியாது. ஐப்பசி பிறந்துவிட்டது.

நான் பள்ளிக்கூடம் விட்டதும் அப்பாவுக்குக் காப்பித் தூக்கை எடுத்துக்கொண்டு சங்கிலிக்கு அடியில் குனிந்து போய்வந்தேன். போகும்போதும் வரும்போதும் போர்டைச் சத்தமாக வாசிப்பேன். வாசிப்பில் நான் கெட்டி.

லாரியை விடப் பாதுகாப்பு கேட்டு அப்பா கொடுத்த மனுவை விசாரிக்க, ஒரு சனிக்கிழமை எஸ்.ஐ. ஜீப்பில் வந்து இறங்கினார். சங்கிலிப் பக்கத்தில் பெரியப்பாவும் நின்றார். “வழி உண்டுங்காரு தம்பி, இல்லங்காரு அண்ணன். நான் யாரை நம்ப? காலங்காலமா புழங்குன வழின்னா சொல்லுங்க, நானே நின்னு லாரியை விடுதேன்” என்றார்.

“இந்தப் பயதான் சார் தினமும் எனக்குக் காப்பி கொண்டு வாரான். அவன்கிட்டயே கேளுங்க” என்று அப்பா என்னை முன்னால் தள்ளினார். அவர் கை என் தோளில் அத்தனை தைரியமாக இருந்தது.

“ஏலே, இங்கன வா. காப்பிய எந்த வழியாலே கொண்டு வார?”

எஸ்.ஐ.யின் தோளுக்குப் பின்னால் போர்டு தெரிந்தது. எத்தனை தடவை அத்துமீறியிருக்கிறேன் என்று எண்ணப் பார்த்தேன். கணக்கிலும் கெட்டியாக இருந்திருக்கலாம். ஜீப்பின் பின் சீட் எனக்காகவே காலியாக இருப்பதுபோல் தோன்றியது.

“கடக்கரை ஓரமா சுத்தி வருவேன் சார். இந்த வழியா ஒருநாளும் வந்ததில்ல. சத்தியமா.”

யாரும் கேட்காத சத்தியத்தையும் சேர்த்துக் கொடுத்தேன்.

பெரியப்பா வாய்விட்டுச் சிரித்தார். “எங்க ரத்தம்லா சார். பொய் சொல்ல மாட்டான்.”

“வேற வழி இருக்குல்லா? அப்போ இது சிவில் மேட்டர். கோர்ட்டுக்குப் போங்க” என்று எஸ்.ஐ. ஜீப்பில் ஏறினார். அண்ணன் தம்பிக்குள் அடிதடி வராமலிருக்க ஒரு கான்ஸ்டபிளை மட்டும் அங்கே நிறுத்திவிட்டுப் போனார். பாதுகாப்பு கிடைத்துவிட்டது, சங்கிலிக்கு. துப்பாக்கி இல்லை, லத்திதான். அன்றைக்குத் தூக்கில் இருந்த காப்பியை அவர்தான் குடித்தார்.

வீட்டுக்கு நிஜமாகவே கடற்கரை ஓரமாகத் திரும்பினோம், முழங்கால் சேற்றில்.

“ஏம்லே அப்படிச் சொன்ன?”

“போர்டுல போட்டிருக்குல்லாப்பா. பிடிச்சுக் குடுத்துருவாங்கன்னு...”

அப்பா நின்று என்னைப் பார்த்தார். அடி விழும் என்று கண்ணை மூடிக்கொண்டேன். அவர் சிரித்தார். “நல்லாத்தாம்லே வாசிக்க” என்றார். அப்பாடா, தப்பித்தேன் என்று நினைத்துக்கொண்டேன். இன்றைக்கு எனக்கும் அவர் வயது வந்துவிட்டது. அந்த மாதிரி ஒரு சிரிப்பை இதுவரை என்னால் சிரிக்க முடியவில்லை.

ஐந்தாம் நாள் மழை பெய்தது. அம்பாரம் கரைந்தது. கார்த்திகையில் அப்பா பாத்திகளைப் பெரியப்பாவுக்கே எழுதிக்கொடுத்தார். தை பிறந்ததும் அவரிடமே கூலிக்கு உப்பு வாரப் போனார். அந்த வழியாகத்தான் போனார்.