ரகம் பிரித்த பூட்டு

நாலு பேர் பார்க்கிற இடத்தில் எனக்கு உட்காரவே வராது. கல்யாண வீட்டுக்குப் போனால்கூடச் சமையல் கொட்டகைப் பக்கமாக நுழைந்து, சாப்பிட்டு, அதே வழியில் வெளியே வந்துவிடுவேன். அப்படிப்பட்டவனின் தங்கச்சி, கல்யாணமாகிப் பத்து வருஷம் கழித்து ஒரு ஆண்பிள்ளையைப் பெற்றெடுத்தாள். பிள்ளைக்குக் காது குத்தத் தாய்மாமன் மடி வேண்டும். இருக்கிற ஒரே தாய்மாமன் நான்தான்.

தேவாரத்தில் விசேஷம். காலை பத்தரைக்குள் நல்ல நேரம். "அண்ணே, எங்கிட்டாவது ஒளிஞ்சுக்கிட்ட, அப்புறம் எம் புருசன் வீட்டாளுக மூஞ்சியில நான் முழிக்க முடியாது" என்று முந்தின நாளே போனில் சொல்லிவிட்டாள்.

போடியில் ஒரு ஏலக்காய் கொட்டகையில் எனக்குச் சோலி. ஆறு பெண்கள் வரிசையாக உட்கார்ந்து காயை ரகம் பிரிப்பார்கள். நான் திறப்பேன், பூட்டுவேன், மூட்டை ஏற்றுவேன். முதலாளியிடம் லீவு கேட்க வாய் வரவில்லை. அவர் மலை மேலே தோட்டத்தில் இருந்தார். காலையில் திறந்து, ஏல மையத்துக்குப் போகிற மூட்டைகளை ஜீப்பில் ஏற்றிவிட்டு, ஒன்பது மணிக்குப் பூட்டிக்கொண்டு பஸ் ஏறிவிடலாம், மத்தியானம் வந்து திறந்துகொள்ளலாம் என்று நினைத்தேன். பெண்களும் சரி என்றார்கள்.

பூட்டுதான் சரி என்று சொல்லவில்லை.

அது புதுசாகப் போட்ட சிலிண்டர் பூட்டு. கள்ளச்சாவிக்கு அசையாது, டிரில்லு போட்டால் டிரில்லுதான் உடையும் என்று முதலாளி வருகிறவர்களிடமெல்லாம் பெருமை பேசுவார். அவ்வளவு பெரிய பூட்டுக்கு ஒரு மரியாதை செய்ய வேண்டாமா என்று நான் வாரம் ஒருமுறை தேங்காயெண்ணெய் விட்டு வந்தேன். யாரும் விடச் சொல்லவில்லை. எண்ணெயும் ஏலக்காய்த் தூசியும் உள்ளே சேர்ந்து அல்வாவாகிவிட்டது. எட்டு மணிக்குப் பூட்டிப் பார்த்தால் சாவி கால்வாசி திரும்பி நின்றுகொண்டது. உள்ளே அத்தனை காய் கிடக்க, கதவைத் திறந்து போட்டுவிட்டு எப்படிப் போவது?

கழற்றிச் சுத்தம் செய்வது என்று முடிவெடுத்தேன். போனில் ஒருத்தர் செய்து காட்டியதைப் பார்த்திருக்கிறேன். சாவியை ஆட்டி ஆட்டிப் பழைய நிலைக்குக் கொண்டுவந்து, கதவு விளிம்பில் இருந்த திருகாணியை எடுத்ததும் சிலிண்டர் கையோடு வந்தது. அதற்குள்ளே சாவி நுழைகிற ஒரு உருளை இருக்கும். உருளையில் ஆறு குழி, குழிக்கு ஒன்றாக ஆறு பித்தளைப் பின். அதற்கு மேலே ஆறு ஸ்பிரிங். உருளையைச் சும்மா உருவினால் ஸ்பிரிங்கெல்லாம் தெறித்துப் போய்விடும். அதனால் உருளையின் கனத்துக்கே ஒரு காப்பிச் செடிக் குச்சியைச் சீவி, சாவியைப் போட்டு லேசாகத் திருப்பிக்கொண்டு, பின்பக்கம் கொடுத்துத் தள்ளினேன். உருளை வெளியே வர வர, குச்சி உள்ளே போய் ஸ்பிரிங்குகளை அமுக்கிக்கொண்டது. ஒன்றுகூடப் பறக்கவில்லை. எனக்கே என்மேல் ஒரு மதிப்பு வந்தது.

ஆறு பின்களையும் வரிசை மாறாமல் ஒரு தட்டில் வைத்தேன். ஒவ்வொன்றும் ஒரு உயரம். அதனதன் குழிக்குப் போனால்தான் சாவி திரும்பும். கழுவ மண்ணெண்ணெய் வாங்கப் பக்கத்துப் பட்டறைக்குப் போய் வந்தேன். இரண்டு நிமிஷம்தான்.

வந்து பார்த்தால் தட்டில் வரிசை இல்லை.

வரிசையில் மூத்த அக்கா, பக்கத்தில் இருந்தவளோடு டிவி நாடகக் கதை பேசிக்கொண்டே, கை பாட்டுக்குப் பிரித்து வைத்திருந்தார். "பெருசு ரெண்டு இங்கன, நடுத்தரம் ரெண்டு அங்கன, பொடி ஒண்ணு. என்னப்பு காய் இது, இம்புட்டுக் கனமா இருக்கு?"

"அக்கா, ஆறு இருந்துச்சே?"

"ஒண்ணு கறுத்துக் கெடந்துச்சு. கழிவுல போட்டுட்டேன்."

எனக்குக் கண்ணீரே வந்துவிட்டது. ஏல மையத்தில் லோடு இறக்கிவிட்டுத் திரும்பிய ஜீப் டிரைவர் ஒரு காந்தத்தைக் கொண்டுவந்து கழிவுக் குவியலில் துழாவினார். இரண்டு துருப்பிடித்த ஆணியும் ஒரு ஹேர்பின்னும் ஒட்டி வந்தன. "இது என்னுதுதான்!" என்று ஒருத்தி ஹேர்பின்னைப் பிடுங்கிக்கொண்டாள்.

"பித்தளை காந்தத்துல ஒட்டாது மாப்ளே" என்றேன்.

"அத முன்னாடியே சொல்ல மாட்டீங்களா மாமா?"

கடைசியில் பெண்கள் கழிவை முறத்தில் அள்ளிப் புடைத்தார்கள். சருகும் காம்பும் பறக்க, கனமான பின் மட்டும் முறத்தில் தங்கியது. மணி ஒன்பதைத் தாண்டியிருந்தது.

இனி எது எந்தக் குழி? உருளையைக் கழுவி, சாவியைச் சொருகிவிட்டு, ஒவ்வொரு குழியிலும் ஒரு பின்னைப் போட்டுப் பார்த்தேன். சரியான பின் என்றால் தலை உருளையோடு சமமாக நிற்கும். என் கண்ணுக்கு எல்லாமே சமமாகத் தெரிந்தது.

"தள்ளு அப்பு" என்று அக்கா குனிந்தார். நாள் முழுக்கக் காயின் பருமனைக் கண்ணாலேயே அளக்கிறவர்கள். ஆறு தலையும் உருளைக்கு மேல் மொய்த்தன.

"மூணாவது மண்டையத் தூக்குது."

"அஞ்சாவது முங்கிருச்சு. ரெண்டையும் மாத்துங்கண்ணே."

"ஏய், மூச்சு விடாதடி, விழுந்துரும்!"

சமமானதும் குச்சியை உருளையால் தள்ளி வெளியேற்றினேன். சிலிண்டரைக் கதவில் மாட்டிச் சாவியைத் திருப்ப, பூட்டு வெண்ணெயாகத் திரும்பியது. பூட்டிக்கொண்டு மணி பார்த்தேன். ஒன்பதே முக்கால். பஸ் போயிருந்தது.

"ஏறுங்க மாமா, வெரசா" என்றார் டிரைவர். நான் முன்னால் ஏறினேன். திரும்பிப் பார்த்தால் பின்னால் ஆறு பெண்களும் ஏறிக்கொண்டிருந்தார்கள்.

"நீங்க எதுக்குக்கா?"

"எங்களாலதான லேட்டு? ஒந் தங்கச்சிகிட்ட வந்து சொல்ல வேணாமா?"

வேண்டாம் என்று சொல்ல எனக்கு எங்கே வாய் இருக்கிறது? வழியில் ஒரு சீப்பு வாழைப்பழமும் கொஞ்சம் பூவும் வாங்கிக்கொண்டார்கள். தேவாரத்தில் பந்தல் வாசலில் ஜீப் நின்றதும், சொல்லி வைத்த மாதிரி ஆறு பேரும் குலவை போட்டுக்கொண்டே இறங்கினார்கள். பந்தலே எழுந்து நின்றது. "தாய்மாமன் ஜீப்பு வச்சு ஆள் கூட்டி வந்திருக்காரு!" என்று யாரோ சத்தமாகச் சொன்னார்கள். தங்கச்சி முகம் மலர்ந்துபோனது. நான் சமையல் கொட்டகை எந்தப் பக்கம் என்று தேடினேன். அக்கா என் கையைப் பிடித்து நடுப் பந்தலுக்கே இழுத்துக்கொண்டு போனார்.

பிள்ளையை மடியில் வைத்தார்கள். ஆசாரி ஊசியைக் காதருகே கொண்டுவந்தார். நிறுத்தினார். மறுபடி கொண்டுவந்தார். மறுபடி நிறுத்தினார்.

"பிள்ளை நல்லாத்தான் ஒக்காந்திருக்கு" என்றார். "மாமன்தான் நடுங்குறாரு. யாராச்சும் அவரப் பிடிங்கய்யா."