பிரிக்காத ஸ்பூன்

டல்லாஸ் போகும் ஃப்ரீவே ஓரம், எட்டு பம்ப் உள்ள ஒரு பெட்ரோல் பங்க். மகன் டயருக்குக் காற்றடிக்கிறான். பெஞ்சில் உட்கார்ந்து மால்டோவா கிராமத்துக் கதை ஒன்றைப் படிக்கிறேன். பனியில் வந்து கதவைத் தட்டியவனுக்கு, பெயர்கூடக் கேட்காமல் ரொட்டி தருகிறாள் ஒருத்தி. அவனோ அவள் முகத்தைப் பார்க்காமலே தின்றுவிட்டுப் போகிறான். ஓரத்தில் பென்சிலால் 'நன்றி கெட்டவன்' என்று எழுதுகிறேன்.

"அங்கிள், தமிழா? மாத்திரைய கையிலயே வெச்சிருக்கீங்களே. கர்ட் ரைஸ் இருக்கு, சாப்பிடுங்க."

பக்கத்து பெஞ்சுப் பெண் டப்பாவை நீட்டுகிறாள். எனக்கு நல்ல பசி. கையை நீட்டிக்கொண்டே கேட்கிறேன்.

"பேரு என்னம்மா?"

"ஃபாத்திமா. கீழக்கரை."

என் கை பாதியில் நின்றுவிடுகிறது. "நான் சாப்பிட்டாச்சும்மா."

சாப்பிட்டபின் போட வேண்டிய மூன்று மாத்திரைகளும் இன்னும் உள்ளங்கையில் இருக்கின்றன. அவள் அவற்றைப் பார்க்கிறாள். டப்பாவை என் பக்கத்தில் வைத்து, உறை பிரிக்காத ஒரு பிளாஸ்டிக் ஸ்பூனை அதன் மேல் வைக்கிறாள். மகன் வருவதைக் கண்டு குரலைத் தாழ்த்துகிறாள்.

"ஸ்பூன் புதுசுதான் அங்கிள்."

சாப்பிடுகிறேன்.

"உப்பு சரியா இருக்கா?"

நிமிராமலே தலையாட்டுகிறேன்.