சிரிப்பு ஷாட்

நேற்று ஏற்காட்டில் செத்துப்போனேன். பதறாதீர்கள், சீரியலில்தான். கதைப்படி நான் எஸ்டேட் முதலாளி, குடும்பத்துக்குப் பெரியவர். திடீர் மாரடைப்பு. ஹாலின் நடுவில் பெஞ்சைப் போட்டு, தலைமாட்டில் விளக்கேற்றி, மூக்கில் பஞ்சு வைத்து, தாடையைக் கட்டி, சம்பங்கி மாலை போட்டுக் கிடத்தினார்கள். உயிரோடு நடித்த காலத்தில் எனக்கு இவ்வளவு நேரம் யாரும் குளோசப் வைத்ததில்லை.

இதில் வேடிக்கை என்னவென்றால், இந்த சீரியலுக்கு வசனம் எழுதுகிறவனும் நான்தான். நான் எழுதி வைத்திருக்கும் கதையில் பெரியவருக்கு மாரடைப்பு கிடையாது. எனக்குத்தான் வந்தது, போன மாதம், நிஜத்தில். ஸ்டென்ட் வைத்துக்கொண்டு மலையேறி வந்திருக்கும் முதல் ஷெட்யூல் இது. "இந்த எபிசோட் எப்ப வருது தம்பி?" என்று மேனேஜரைக் கேட்டேன். அவர் என் முகத்தைப் பார்க்காமல் தன் போனைப் பார்த்துக்கொண்டே, "சும்மா ஒரு சேஃப்டிக்கு எடுத்து வெச்சுக்கறோம் சார். டேட்டெல்லாம் முடிவாகல" என்றார்.

சேஃப்டி! யாருக்கு என்று நான் கேட்கவில்லை. இந்தத் தொழிலில் இத்தனை வருடம் இருந்தவனுக்கு அது தெரியாமலா இருக்கும்?

பெஞ்சில் ஏறிப் படுத்துக்கொண்டேன். சம்பங்கி வாசனை பஞ்சையும் மீறி உள்ளே வந்தது. அது வந்தால் கமலவேணி அக்காவும் வந்துவிடுவார்.

அக்கா யாரென்று சொல்ல வேண்டும் அல்லவா? நான் நடித்த முதல் சீரியலில் எனக்கு அம்மா. சேலத்துக்காரர். அம்மா வேஷத்திலேயே காலம் தள்ளியவர். எத்தனை பிள்ளைகளைப் பெற்றார் என்று அவருக்கே நினைவிருக்காது. அந்தக் குடும்பத்தில் நான் இளைய மகன். இளைய மகனுக்கு என்ன வேலை? பெரியவர்கள் சண்டை போடும்போது மாடிப்படி ஓரத்தில் நின்று அதிர்ச்சியடைய வேண்டும். மாதக்கணக்கில் அதிர்ச்சியடைந்துகொண்டே இருந்தேன்.

அப்போது வசனம் எழுதிக்கொண்டிருந்தவர் ஒருநாள் பல்வலி என்று சேலத்துக்கு இறங்கினார். போனவர் போனவர்தான், செல்போனையும் அணைத்துவிட்டார். எடுப்பதற்கு சீன் இல்லை. யூனிட்டில் வெட்டியாக உட்கார்ந்திருந்தவனும் கையெழுத்து புரிகிற மாதிரி எழுதக்கூடியவனும் நான் ஒருவன்தான். இப்படித்தான் நான் எழுத்தாளன் ஆனேன். ஆனதும் முதல் காரியமாக இளைய மகனுக்கு அரைப்பக்கம் வசனம் வைத்தேன். அக்கா பேப்பரை வாங்கிப் படித்துவிட்டு என்னை மேலும் கீழும் பார்த்தார். "ஏஞ் சாமி, நேத்து வரைக்கும் ஊமையாட்டம் நின்னே. இன்னைக்குத் திடீர்னு வாய் வந்துருச்சா?" யூனிட்டே சிரித்தது. எனக்கு மானம் போயிற்று.

இதே பங்களாதான் அன்றைக்கும். மிளகுக்கொடி ஏறிய சில்வர் ஓக் மரங்கள், பின்னால் காபி உலர்த்தும் களம். பழம் பறிக்கிற பருவம். உரித்துப் போட்ட காபித் தோல் புளித்து ஒரு வாடை வரும். முதல்நாள் குமட்டும், மூன்றாம் நாள் அதுவே பசியைக் கிளப்பும். மூடுபனி, சொல்லாமல் வருகிற விருந்தாளி மாதிரி நேராக ஹாலுக்குள் வந்து உட்கார்ந்துகொள்ளும்.

அந்த ஷெட்யூலுக்கு அக்கா வரும்போதே இருமிக்கொண்டுதான் வந்தார். கொண்டை ஊசி வளைவில் வண்டியை நிறுத்தி நிறுத்தி ஏற்றிவந்தார்களாம். வசனம் பேசினால் நடுவில் மூச்சு தட்டியது. எழுதுகிறவன் என்ன செய்ய முடியும்? வாக்கியங்களைச் சின்னதாக்கினேன். பிறகு இன்னும் சின்னதாக்கினேன். கடைசியில் "ம்", "சரிப்பா", "பாத்துக்கோ" என்ற அளவுக்கு வந்து நின்றது. அக்கா அதற்கும் என்னை ஒன்றும் கேட்கவில்லை. கேட்காததுதான் எனக்குப் பயமாக இருந்தது.

ஒருநாள் காலை அந்தக்கால மேனேஜர் என்னைக் களத்துப் பக்கம் அழைத்துப் போனார். கெட்ட மனிதர் இல்லை; யாருக்காவது காய்ச்சல் என்றால் தன் போர்வையைக் கொடுத்துவிட்டு நடுங்குகிறவர். "அக்காவோட ரிப்போர்ட்டைப் பாத்தேன், நல்லா இல்ல. அம்மா சாகற சீனை இப்பவே எடுத்து வெச்சுருவோம். ஆளும் இருக்காங்க, பங்களாவும் இருக்குது. எப்பப் போடறதுன்னு அப்புறம் பாத்துக்கலாம்" என்றார். "அக்காகிட்ட யாரு சொல்றது?" என்றேன். "நீங்கதானே எழுதறீங்க."

எழுதினேன். அக்கா சமையலறைப் படியில் வெயில் காய்ந்துகொண்டிருந்தபோது கொண்டுபோய்க் கொடுத்தேன். மகன்கள் கதறுகிறார்கள், மருமகள் மயங்கி விழுகிறாள், அம்மாவுக்கு வசனமே கிடையாது. படித்து முடித்துவிட்டு, "இதுல மனப்பாடம் பண்றதுக்கு ஒண்ணுமே இல்லியே சாமி. நொம்ப சந்தோசம்" என்றார். பேப்பரை நாலாக மடித்துக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தார். பிறகு, "எடுத்துக்கங்க, வேண்டாங்கல. ஆனா நான் தேறி வர்ற வரைக்கும் அதைப் போட உட்றாதே கண்ணு. அம்மா செத்துட்டான்னு போட்டுட்டா அப்புறம் எவன் என்னைய வேலைக்குக் கூப்புடுவான்? வேலை இல்லாம நான் ஊட்டுல மோட்டுவளையப் பாத்துட்டு உக்காந்திருக்கணுமா?" என்றார். "நான் இருக்கேன்க்கா" என்று பெரிய கதாநாயகன் மாதிரி சொன்னேன்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் இருந்தது. பிணமாகப் படுத்தவர் காட்சி முடிந்ததும் எழுந்து உட்கார்ந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் ஒரு ஷாட்டாக எடுப்பார்கள். ஒளிபரப்புவதற்கு இல்லை, திருஷ்டி கழிவதற்கு. கேமரா கடைசியாகப் பார்த்த முகம் உயிருள்ள முகமாக இருக்க வேண்டும் என்று கணக்கு. பிறகுதான் மாலையைக் கழற்றிப் பூசணிக்காய் உடைப்பார்கள். மூடநம்பிக்கைதான். ஆனாலும் அந்த ஷாட்டை எடுக்காமல் யாரும் சாப்பிடப் போக மாட்டார்கள்.

அன்றைக்கு அழுவதற்குத் தலைச்சோலையிலிருந்தும் மஞ்சக்குட்டையிலிருந்தும் பழம் பறிக்க வந்த பெண்களையே கூப்பிட்டிருந்தார்கள். பொய்யாக அழ அவர்களுக்குத் தெரியவில்லை. அக்காவின் முகத்தைப் பார்த்ததும் நிஜமாகவே அழ ஆரம்பித்துவிட்டார்கள். டைரக்டர் கட் சொன்னார், அழுகை நிற்கவில்லை. காட்சி பிரமாதமாக வந்துவிட்டது என்று மேனேஜர் என் தோளில் கையைப் போட்டுக் காதில் சொன்னார். எனக்கு அவர் கையை உதற வேண்டும் போல இருந்தது.

சரியாகச் சிரிப்பு ஷாட்டுக்கு அக்கா எழப்போன நேரத்தில் பனி உள்ளே வந்துவிட்டது. பெஞ்சும் தெரியவில்லை, அக்காவும் தெரியவில்லை. விளக்குச் சுடர் மட்டும் மஞ்சளாக ஒரு புள்ளி. "இப்ப எடுத்தா ஒண்ணும் பதியாது" என்றார் கேமராமேன். நாளைக்கு எடுக்கலாமா என்று யாரோ இழுத்தார்கள். கூட்டத்தில் செல்லம்மா என்று ஓர் அம்மாள், பனிக்குச் சாக்கை மடித்துத் தலையில் கொங்காணி போட்டவர், முன்னால் வந்தார். "ஏனுங்க, அந்தம்மாவ அப்படியே படுக்கப் போட்டுட்டுப் போவீங்களா? அவங்க எந்திரிச்சுச் சிரிச்சாத்தான் நாங்க ஊட்டுக்குப் போவோம், ஆமாம்."

எல்லோரும் காத்திருந்தோம். சாப்பாடு ஆறியது. மேனேஜர், டைரக்டர், லைட்காரர்கள், பழம் பறிக்கிற பெண்கள், ஒருவர்கூட நகரவில்லை. பனிக்குள்ளிருந்து அக்காவின் இருமல் மட்டும் வந்துகொண்டிருந்தது. அது கேட்கிறவரை நிம்மதி, நடுவில் நின்றால் திக்கென்றிருக்கும். நான் "அக்கா?" என்பேன். "இருக்கறேன் சாமி" என்று குரல் வரும்.

பனி விலகியதும் அக்கா எழுந்து உட்கார்ந்தார். மூக்கில் பஞ்சோடு, கழுத்தில் சம்பங்கி மாலையோடு, நெற்றியில் ஒட்டிய காசோடு, வாய் கொள்ளாமல் ஒரு சிரிப்பு. முன்பல் இரண்டுக்கும் நடுவில் இருந்த சந்து தெரிந்தது. அம்மா வேஷத்தில் அப்படிச் சிரிக்க அவருக்கு யாரும் வாய்ப்பு தந்ததில்லை, நானும் எழுதியதில்லை.

அக்கா ஆஸ்பத்திரிக்குப் போனார். நான் சீரியலில் அம்மாவைப் போனில் உயிரோடு வைத்திருந்தேன். அம்மா உறவுக்காரர் வீட்டில் இருக்கிறார், வாரம் தவறாமல் இளைய மகனிடம் பேசுகிறார். எதிர்முனையில் யாரும் இல்லாத போனைக் காதில் வைத்துக்கொண்டு, "சாப்டீங்களாம்மா?" என்று கேட்டு, பதிலுக்கு இடம் விட்டு, "சரிம்மா" என்பேன். இரண்டு பேர் பேச்சையும் எழுதி, ஒருவர் பேச்சை மட்டும் பேசுவேன். அக்கா சாயங்காலம் நிஜமாகவே கூப்பிடுவார். "இன்னைக்கு நான் போன்ல என்ன பேசுனேன் சாமி?" படித்துக்காட்டுவேன். "நல்லாத்தான் பேசியிருக்கறேன்" என்பார்.

மேனேஜரும் தினமும் காலையில் கேட்பார்: "அக்கா எப்படி இருக்காங்க?" நல்ல மனசோடுதான் கேட்டார் என்று இன்றும் நம்புகிறேன். ஆனால் அந்தக் கேள்விக்குப் பின்னால் எடுத்து வைத்த சீன் ஒன்று காத்திருந்தது. அவர் வாயைத் திறக்கும் முன்பே, "தேறிட்டு வர்றாங்க" என்று நான் முந்திக்கொள்வேன்.

பிறகு ரேட்டிங் சரிந்தது. அம்மா சாவைப் போட்டுவிடுவதென்று மேலிடத்தில் முடிவு செய்துவிட்டார்கள். நான் கத்தினேன், எழுத மாட்டேன் என்றேன். "அப்ப இளைய மகனையும் போன்லயே வெச்சுக்கலாமா?" என்று அமைதியாகக் கேட்டார்கள். அதோடு என் வீரம் முடிந்தது.

ஒளிபரப்பான அன்று அக்கா வார்டிலிருந்து கூப்பிட்டார். "சாமி, நான் போயிட்டேன், தெரியுமா? வார்டு பூரா ஒரே அழுகை. நர்சம்மா வந்து என் கையத் தொட்டுப் பாத்துட்டுப் போவுது" என்று சிரித்தார். சிரிப்பு இருமலாயிற்று. இருமல் அடங்கியதும், "அந்தச் சிரிப்ப மட்டும் போடவே இல்ல பாரு" என்றார்.

"அதெல்லாம் போட மாட்டாங்கக்கா. உங்களுக்குத் தெரியாததா?"

"தெரியும் கண்ணு. தெரிஞ்சாலும் கடைசி வரைக்கும் உக்காந்து பாத்தேன்."

அக்கா வீடு திரும்பினார். ஆனால் அவர் பயந்தபடியே யாரும் வேலைக்குக் கூப்பிடவில்லை. அடுத்த மழைக்குள் போய்விட்டார். நோய்தான் காரணம், எனக்குத் தெரியும். தெரிந்தும் மனசு கேட்கவில்லை. அந்தச் சிரிப்பு ஷாட்டைக் கேட்டு எடிட்டரிடம் போனேன். அவர் பாவம், உண்மையாகவே வருத்தப்பட்டார். டெலிகாஸ்ட் ஆனதும் மிச்சத்தையெல்லாம் அழித்துவிடுவார்களாம். சாவு மட்டும் இணையத்தில் இருக்கிறது. அக்கா பெயரைப் போட்டால் முதலில் அதுதான் வருகிறது.

நேற்றைக்கு வருகிறேன். டைரக்டர் நல்ல தம்பி. "சூப்பர் சார், பேக்கப்" என்றார். நான் எழவில்லை. "சிரிப்பு எடுக்கணுமே தம்பி?" என்றேன். அவருக்குப் புரியவில்லை. "ரீல்ஸுக்கா சார்? நாளைக்கு எடுத்துக்கலாம்" என்றார். அழ வந்தவர்கள் சேலத்திலிருந்து வேனில் ஏற்றிவரப்பட்ட துணை நடிகர்கள். காதில் போனை மாட்டிக்கொண்டு வேனுக்கு ஓடினார்கள். லைட்டை அணைத்தார்கள், கேமராவைப் பெட்டியில் வைத்தார்கள். சமையலறைப் பூட்டு துருப்பிடித்துக் கிடந்தது. சாப்பாடு கீழேயிருந்து பொட்டலமாக வருகிறது. செல்லம்மா எங்கே என்று கேட்கக்கூட அங்கே ஆள் இல்லை. பனி உள்ளே வந்தது. "சார்?" என்று கூப்பிட ஒருவரும் நிற்கவில்லை. மாலையை நானே கழற்றினேன்.

அறைக்கு வந்து அடுத்த வார வசனத்தை எடுத்துப் பார்த்தேன். பெரியவர் பேசுகிற வாக்கியங்களெல்லாம் சின்னதாக இருக்கின்றன. எப்போது இப்படி எழுத ஆரம்பித்தேன் என்று எனக்கே தெரியவில்லை.

இன்று காலை மேனேஜர் தம்பியிடமிருந்து போனில் ஒரு செய்தி. "குட்மார்னிங் சார். உடம்பு எப்படி இருக்கு?"

நன்றாக இருக்கிறேன் என்று பதில் எழுதினேன். அனுப்பப்போகிற நேரத்தில் நினைவு வந்து, போனில் தேடிப்பிடித்து, பல்லெல்லாம் தெரியச் சிரிக்கிற மஞ்சள் மூஞ்சி ஒன்றையும் சேர்த்து அனுப்பினேன். பார்த்துவிட்டார் என்று நீலக்கோடு விழுந்திருக்கிறது. பதில் இன்னும் வரவில்லை.